முறையும் விலக்கும்: கொங்கு உறவுமுறையில் தடுக்கப்பட்ட அன்பும் மறுக்கப்பட்ட துக்கமும்

திருப்பூரிலிருந்து பல்லடம் செல்லும் சாலையை ஒட்டியுள்ள வீரபாண்டி, 2011ஆம் ஆண்டில் திருப்பூர் மாநகராட்சியின் எல்லை விரிவாக்கப்படும் வரை தனி ஊராட்சியாக இருந்து, இன்று பனியன் கம்பெனிகளும் தையல் கூடங்களும் தொழிலாளர் குடியிருப்புகளும் நெருங்கி நிற்கும் நகர்ப்புறமாக மாறிவிட்ட பகுதியாகும். கிணற்றுப் பாசனத்தையும் மானாவாரியையும் நம்பி வாழ்ந்த இத்தகைய கொங்கு ஊர்களில், யார் யாரை விரும்பலாம், யாரை விரும்பவே கூடாது, யாருடைய சாவுக்கு யார் எந்த முறையில் அழ வேண்டும் என்பவை அனைத்தும் எழுதப்படாத, ஆனால் எழுத்தைக் காட்டிலும் உறுதியான ஒரு விதித்தொகுப்பால் வரையறுக்கப்பட்டிருந்தன. அந்த விதித்தொகுப்பை ஊரார் ‘முறை’ என்ற ஒரே சொல்லால் குறித்தனர். மண உறவின் வரலாற்றை எழுதியவர்கள் பெரும்பாலும் முறைக்கு உட்பட்ட திருமணங்களையே ஆராய்ந்தனர். முறைக்குப் புறம்பான அன்பும், அது விளைவித்த துயரமும் ஒப்பாரியிலும் கதைப்பாடலிலும் நீதிமன்றப் பதிவுகளிலும் சிதறிக் கிடக்கின்றன. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்க்கும்போது, உறவுமுறை விருப்பத்துக்கு வேலி போட்டதோடு நிற்கவில்லை என்பதும், எந்தத் துக்கத்துக்குச் சடங்கு உண்டு, எந்தத் துக்கத்துக்கு இல்லை என்பதையும் அதுவே முடிவு செய்தது என்பதும் தெளிவாகின்றன.

கொங்கு வேளாளர் சமூகத்தில் இந்த வேலியின் அடிப்படை ‘கூட்டம்’ என்பதாகும். ஒரே முன்னோரின் வழிவந்தவர்களாகத் தம்மைக் கருதிக்கொண்டு, ஒரே குலதெய்வத்தை வணங்கி, பழைய நாளில் ஒரே ‘காணி’யில், அதாவது நிலத்திலும் கோயிலிலும் வழிவழியாக வந்த உரிமையில், பங்கு பெற்றிருந்த தந்தைவழிக் குழுவே கூட்டம் எனப்படுகிறது. ஆந்தை, காடை, தூரன், செம்பன், கண்ணன், பயிரன், சாத்தந்தை, ஓதாளன் எனப் பல கூட்டங்கள் உள்ளன. ஒரே கூட்டத்தைச் சேர்ந்த ஆண்கள் ஒருவருக்கொருவர் ‘பங்காளி’கள், ஆகவே ஒரே கூட்டத்து ஆணும் பெண்ணும், இருவரின் ஊர்களும் வெகு தொலைவில் இருந்து இரத்த உறவு எத்தனை தலைமுறைக்கு முன் பிரிந்தது என்றே தெரியாமற் போயிருந்தாலும், அண்ணன் தங்கையாகவே கொள்ளப்படுவர். ஊரில் புதிதாகச் சந்திக்கும் இருவர் பெயரைக் கேட்ட கையோடு கூட்டத்தையும் குலதெய்வக் கோயிலையும் கேட்டறிவது, தமக்குள் மாமன் மச்சான் உறவா, பங்காளி உறவா என்பதை உடனே நிறுவிக்கொள்வதற்காகவே. தேவாங்கர் முதலிய நெசவுச் சமூகங்களிலும் வேட்டுவர்களிடத்தும் இதையொத்த குலப்பிரிவுகளும் அவற்றுக்குள் மணவிலக்கும் இருந்தமையால், இதனை ஒரு சாதியின் தனி வழக்கமாகக் கொள்ளாமல், அந்த நிலப்பகுதியின் பொது இலக்கணமாகவே கொள்ள வேண்டும்.

இந்த விலக்கின் மறுபக்கமாக அமைந்தது ‘உரிமை’. தந்தையின் உடன்பிறந்தான் மக்களும் தாயின் உடன்பிறந்தாள் மக்களும் அண்ணன் தங்கையராக, மாமன் மக்களும் அத்தை மக்களும் மணத்துக்கு உரியவர்களாகப் பிரிக்கப்பட்டனர். ஒரே தாத்தாவின் பேரக் குழந்தைகளில் ஒரு பாதி எக்காலத்தும் தொடக் கூடாதவர்களாகவும், மறுபாதி பிறப்பிலேயே கணவன் மனைவியராக எண்ணி வளர்க்கப்படத் தக்கவர்களாகவும் அமைந்த இந்த ஏற்பாட்டை, பிரெஞ்சு மானிடவியலாளர் லூயி துய்மோன் 1953ஆம் ஆண்டில் வெளியிட்ட கட்டுரையில், திராவிட உறவுச்சொற்கள் அனைத்துமே மண உறவின் வெளிப்பாடு என்று விளக்கினார். அதே 1953இல் வெளிவந்த ஐராவதி கார்வேயின் இந்திய உறவுமுறை பற்றிய நூல், பிறந்த வீட்டுக்கும் புகுந்த வீட்டுக்கும் முன்னுறவு இருக்கக் கூடாது என்னும் வட இந்திய வழக்கையும், முன்னுறவையே நாடும் தென்னிந்திய வழக்கையும் எதிரெதிராக நிறுத்திக் காட்டியது. கொங்கு நாட்டைப் பொறுத்தவரை இத்துறையின் முதன்மையான ஆய்வு பிரெண்டா பெக் என்னும் கனடா மானிடவியலாளருடையது. 1960களின் நடுவில் காங்கயத்துக்கு அருகிலுள்ள ஓலப்பாளையத்தில் தங்கி ஆய்ந்த அவர், 1972இல் வெளியிட்ட நூலில், வலங்கை, இடங்கை எனப் பழைய நாளில் பிரிந்திருந்த இரு சாதித் தொகுதிகளுக்கும் மண வழக்கங்கள் உட்படப் பல பழக்கங்களில் வேறுபாடு இருந்ததை ஊர் ஊராக ஆய்ந்து காட்டினார்.

விலக்கப்பட்ட உறவுகளில் மிகக் கடுமையாக விலக்கப்பட்டதும், அதே வேளையில் மிகுந்த பாசத்துடன் போற்றப்பட்டதும் அண்ணன் தங்கை உறவே. இந்த முரண்பாட்டைக் கொங்கு வேளாளர் திருமணத்தில் நிகழும் ‘இணைச்சீர்’ போல வேறெதுவும் வெளிப்படையாகக் காட்டுவதில்லை. மணமகளின் கழுத்தில் தாலி ஏறுவதற்கு முன், மணமகனின் உடன்பிறந்தாள் மணப்பெண்ணுக்கு நிகராக அலங்கரிக்கப்பட்டு அவன் அருகில் நிற்க, இருவரையும் ஒரு சேலையால் இணைத்துச் செய்யப்படும் சீர் இது. உடன்பிறந்த தங்கை இல்லாதவனுக்கு, பங்காளி முறையில் தங்கையாக அமையும் பெண் அந்த இடத்தில் நிற்பாள். பிறந்த வீட்டைவிட்டுப் போய்விட்ட பெண், அண்ணன் வேறொருத்திக்கு உரியவனாகும் நாளில் தன் உரிமையை ஊரறிய நிறுவிக்கொள்கிறாள் என்பதும், நாளை தன் வயிற்றில் பிறக்கும் பிள்ளையும் அவனுக்குப் பிறக்கும் பிள்ளையும் மணத்தால் சேர்வர் என்னும் எதிர்பார்ப்பைப் பதிவு செய்கிறாள் என்பதும் ஆய்வாளர்கள் இதற்குத் தந்த விளக்கமாகும். உடன்பிறந்தாரிடையே எழக் கூடாததாக விலக்கப்பட்ட இணைப்பு அடுத்த தலைமுறைக்குத் தள்ளிவைக்கப்படுகிறது என்னும் இவ்விளக்கம் சரியானதே என்று கொள்ள, காதுகுத்து முதல் கருமாதி வரை தாய்மாமன் செய்யும் சீர்களின் நீண்ட வரிசையே போதிய சான்றாகும். தாய்மாமன் மடியில் அமர்த்திக் காது குத்துவதும், அக்காள் மகள் பூப்பெய்தியபோது மாமன் பச்சை ஓலையில் குச்சு கட்டிக் கொடுப்பதும், அவள் கணவனை இழந்த நாளில் பிறந்த வீட்டார் ‘கோடி’ என்னும் புதுத்துணியைக் கொண்டுவந்து போடுவதும், ஒரு பெண்ணின் வாழ்வில் மகிழ்வும் துயரும் எந்த வழியாக வந்தாலும் உடன்பிறந்தான் வீட்டு வாசலைக் கடந்தே வந்தன என்பதைக் காட்டுகின்றன.

இந்த உறவின் துயரப் பக்கத்தை முழுமையாகக் கூறும் படைப்பு ‘அண்ணன்மார் சுவாமி கதை’ என்னும் வாய்மொழிக் காவியம். உடுக்கையடித்துப் பல இரவுகள் தொடர்ந்து பாடப்படும் இக்கதையை பெக் 1965இல் ஒரு பாடகரிடமிருந்து ஒலிப்பதிவு செய்து, பின்னர் 1992இல் சென்னை ஆசியவியல் நிறுவனத்தின் வழியாகத் தமிழும் ஆங்கிலமுமாக வெளியிட்டார். குன்னுடையான், தாமரை ஆகியோரின் மக்களான பொன்னர், சங்கர் என்னும் இரட்டையரும் அவர்களுடைய தங்கையும் கதையின் மையம். தாமரையின் பிறந்த வீட்டாரோடு ஏற்பட்ட பகையையும் மீறி, முறை மாறாமல் அண்ணன்மாருக்கு மாமன் மகள்களோடே மணம் நடக்கிறது; ஆனால் பெக் பதிவு செய்த வடிவத்தில் அவர்கள் மனைவியரைத் தொடாமலே வாழ்கின்றனர், தங்கையும் கன்னியாகவே இருக்கிறாள். இவ்வாறு சடங்களவில் மணம் முடிந்தும், வீட்டின் உணர்ச்சி முழுவதும் அண்ணன்மாருக்கும் தங்கைக்கும் இடையிலேயே தங்கிவிட, மனைவியர் பூட்டிய அறையில் இருப்பவர்களைப் போல் கதையின் ஓரத்தில் இருத்தப்படுகின்றனர். வேட்டுவர்களோடு நடந்த போரின் முடிவில் அண்ணன்மார் தம் வாளாலேயே உயிர் விட்டபோது, தங்கை அரண்மனைக்குத் தீ வைத்துவிட்டுக் காட்டில் அலைந்து அவர்களின் உடல்களைக் கண்டடைகிறாள். அவளது அழுகையின் ஆற்றலால் அவர்கள் சிறிது நேரம் உயிர்த்தெழுந்து அவளோடு பேசிவிட்டு மீண்டும் மறைகின்றனர்.

மணப்பாறைக்கு அருகிலுள்ள வீரப்பூரில் மாசித் திருவிழாவின்போது ‘படுகளம்’ என்னும் பெயரில் இந்த இறப்பும் எழுப்புதலும் நிகழ்த்தப்படுகின்றன. போரில் வீழ்ந்தவர்களாக அருள் வந்து தரையில் சாய்ந்து கிடப்பவர்களைத் தங்கையின் பெயரால் நீர் தெளித்து எழுப்பும்போது, சுற்றி நிற்கும் பெண்கள் தத்தம் வீட்டுச் சாவுகளை நினைத்து அழுகின்றனர். மனைவியின் துயரமோ தாயின் துயரமோ இங்கே நடுவில் வைக்கப்படவில்லை. உடன்பிறந்தாளின் துயரம் தெய்வத்தன்மை பெற்று, ஆயிரக்கணக்கானோர் கூடும் பொதுச் சடங்காக உயர்ந்து நிற்கிறது. விருதுநகர் மாவட்டம் வத்திராயிருப்பை அடுத்த அர்ச்சுனாபுரத்தில் கோயில் கொண்டுள்ள நல்லதங்காளின் கதை இதே உணர்ச்சியின் கசப்பான வடிவம்: பஞ்சத்தில் அண்ணன் வீட்டை நம்பி ஏழு பிள்ளைகளோடு வந்தவள், அண்ணியின் கொடுமையால் பிள்ளைகளைக் கிணற்றில் வீசித் தானும் விழுந்து மடிகிறாள். பெரிய எழுத்துப் பதிப்புகளாகச் சந்தைகளில் விற்கப்பட்ட இக்கதையும், 1961இல் வெளிவந்த ‘பாசமலர்’ திரைப்படமும் தமிழ்நாடு முழுவதையும் அழவைத்ததற்குக் காரணம், முறை அனுமதிக்காத நெருக்கத்துக்கு முறையே அளித்திருந்த ஒரே திறப்பு அழுகையாக இருந்தமையே என்று கொள்ளலாம்.

உரிமை என்பது எல்லோருக்கும் இனிமையாக அமைந்துவிடவில்லை. மாமன் மகளை விட்டுவிடக் கூடாது என்னும் வற்புறுத்தலால், வயதில் மூத்த முறைப்பெண்ணைச் சிறுவனுக்குக் கட்டிவைத்த திருமணங்கள் கொங்குப் பகுதியில் முன்பு இருந்தன. 1909இல் ஏழு தொகுதிகளாக வெளிவந்த எட்கர் தர்ஸ்டனின் தென்னிந்தியச் சாதிகள் பற்றிய நூல் இத்தகைய மணங்களைக் குறிப்பிடுவதோடு, கணவன் வளரும் வரையில் அவ்வீட்டு மாமனாருக்கும் மருமகளுக்கும் இடையே உறவு இருந்ததென்னும் பேச்சையும் சேர்த்தே பதிவு செய்கிறது. வெளியூர் அலுவலர்கள் பிறர் வாய்ச்சொல்லைக் கேட்டு எழுதியதை ஒரு சமூகத்தின் வழக்கமாகக் கொள்வது நேர்மையாகாது; சாதிப் பழிப்பு எங்கும் எளிதில் பரவக் கூடியது, காலனிய நூல்கள் அதை அச்சிட்டு நிலைபெறச் செய்தன. எனினும் வயதுப் பொருத்தமற்ற அந்தத் திருமணங்களில் சிக்கிய பெண்களின் மனவேதனை உண்மையானது என்பதற்குச் சிறுவனைக் கணவனாகப் பெற்றவள் பாடுவதாக அமைந்த நாட்டுப்பாடல்கள் சாட்சியாக உள்ளன. ஒரே கூரையின்கீழ் விலக்கப்பட்ட உறவுகள் நெருங்கி வாழ நேர்ந்த கூட்டுக்குடும்பங்களில், மருமகள் மாமனார் முன் நேரில் நின்று பேசாமையும், மூத்தவர் வரும்போது எழுந்து மறைவாக நிற்பதும், அண்ணியைத் தாய்க்குச் சமமாகக் கருதக் கொழுந்தனைப் பழக்கியதும் வெறும் மரியாதை முறைகளாக மட்டும் இருந்திருக்க முடியாது. விருப்பம் எழக் கூடிய இடங்களை முன்னோர் நன்கு அறிந்து, அங்கங்கே தடுப்புகளை எழுப்பியிருந்தனர் என்பதே அவற்றின் பொருள்.

விலக்கப்பட்ட விருப்பத்தையும் துக்கத்தையும் குடும்பத்துக்குள் அடைத்து வைத்த மற்றொரு சமூகமான ஜப்பானோடு இதனை ஒப்பிடும்போது, விலக்கு என்பது இயற்கையின் கட்டளை என்னும் எண்ணம் தானே நெகிழ்ந்துவிடுகிறது. ஜப்பானியக் குடிமைச் சட்டம் மூன்றாம் படிக்குள் அமைந்த இரத்த உறவினரின் மணத்தைத் தடுக்கிறது. ஆகவே அங்கே தாய்மாமன் அக்காள் மகளை மணக்க இயலாது, ஆனால் சித்தப்பா மகளை மணப்பதற்குத் தடையில்லை. தமிழ்நாட்டின் பல சமூகங்கள் உரிமையாகக் கருதிய உறவு அங்கே சட்டப்படி செல்லாது, கொங்கு நாட்டில் நினைக்கவும் கூசும் உறவு அங்கே சட்டப்படி செல்லும். மகன் இல்லாத வீட்டில் ஓர் ஆணை மகனாகத் தத்தெடுத்து அவ்வீட்டு மகளுக்கே மணமுடித்து, குடும்பப் பெயரை அவன் வழியாகத் தொடரச் செய்யும் ‘முகோயோஷி’ என்னும் வழக்கமும் அங்கே நீண்ட காலமாக உள்ளது. மருமகளையோ மாமனாரையோ மணப்பதை மட்டும், கணவன் இறந்து உறவு முறிந்த பின்னரும்கூட, அச்சட்டம் அனுமதிப்பதில்லை.

இரு சமூகங்களும் சட்டவிதியைக் காட்டிலும் தண்டனையில்தான் பெரிதும் ஒத்துப்போகின்றன. 1898இல் நடைமுறைக்கு வந்த மெய்ஜி காலக் குடிமைச் சட்டம் ‘இஎ’ எனப்படும் வீட்டையே சட்டத்தின் அலகாகக் கொண்டு, அதன் தலைவருக்கு உறுப்பினர்களின் திருமணத்துக்கு இசைவு தரும் அதிகாரத்தை வழங்கியது. இசைவின்றி மணந்தவரை ‘கோசெகி’ என்னும் குடும்பப் பதிவேட்டிலிருந்தே அவர் நீக்கிவிடலாம். இரண்டாம் உலகப் போருக்குப் பின் 1947ஆம் ஆண்டுத் திருத்தத்தால்தான் இந்த அதிகாரம் ஒழிந்தது. அதற்கும் முற்பட்ட ‘எடோ’ காலத்தில், மணக்க வழியில்லாத காதலர் சேர்ந்து உயிர்விடும் ‘ஷிஞ்ஜூ’ பற்றி சிகமத்சு மொன்சாயெமோன் 1703இல் எழுதிய பொம்மலாட்ட நாடகம் பெரும் வரவேற்பைப் பெற்று, அத்தகைய சாவுகளும் பெருகியபோது, 1723இல் ஆட்சியாளர்கள் அந்நாடகங்களைத் தடை செய்ததோடு, அவ்வாறு இறந்தவர்களுக்கு இறுதிச் சடங்கும் கூடாது என ஆணையிட்டனர். பெற்ற பிள்ளையின் உடலுக்கு முறைப்படி அழும் உரிமையைப் பெற்றோரிடமிருந்து பறித்த அந்த ஆணையே, துக்கத்தையும் தண்டனைக் கருவியாக்க முடியும் என்பதற்கு மிகத் தெளிவான வரலாற்றுச் சான்று.

கொங்கு நாட்டில் அதற்கு நிகரானது ‘தலைமுழுகுதல்’. முறை தவறி மணந்த மகளையோ மகனையோ இறந்தவராகக் கருதி, சாவுத் தீட்டைக் கழிப்பது போலவே வீட்டார் தலைக்கு நீர் ஊற்றிக்கொண்டு, அன்றிலிருந்து அவர் பெயரையும் எடுக்காமல் விடுவது இவ்வழக்கம். உயிரோடிருப்பவருக்குச் சாவுச் சடங்கு செய்யும் இந்த ஏற்பாடு, உண்மையான சாவு நேரும்போது செய்ய வேண்டிய சடங்கை முன்கூட்டியே தீர்த்துவிடுகிறது. பின்னாளில் அந்த மகள் இறந்தால் பிறந்த வீட்டுக் கோடி வராது, தாய் இறந்தால் அந்த மகளுக்கு ஒப்பாரி வட்டத்தில் இடம் இராது. ஒப்பாரி என்பது ஒருவர் தோளை ஒருவர் பற்றி வட்டமாக அமர்ந்து, உறவுமுறை சொல்லி விளித்து அழும் பாட்டாகையால், உறவுமுறைச் சொல்லை இழந்தவளுக்கு அழுவதற்கும் சொல் இல்லாமற் போகிறது. ஊர்க்கூட்டம் கூடி வண்ணார், நாவிதர் பணிகளை நிறுத்தி ஊர்விலக்கம் செய்த காலம் மறைந்த பின்னரும், ஓடிப்போன மகளுக்குப் பெற்றோரே கண்ணீர் அஞ்சலிச் சுவரொட்டி ஒட்டிய செய்திகள் தமிழ்நாட்டு நாளிதழ்களில் வந்துகொண்டுதான் இருக்கின்றன. மிக நெருங்கிய உறவைத் தடுத்த கூட்டவிலக்கும், மிகத் தொலைவான உறவைத் தடுத்த சாதிவிலக்கும் இரு சுவர்களாக நிற்க, அவற்றுக்கு இடையிலிருந்த குறுகிய சந்தே ‘முறை’. இவ்விரு சுவர்களில் எதைத் தாண்டினாலும் கிடைத்தது ஒரே தலைமுழுகுதல் என்றாலும், சாதிச் சுவரைத் தாண்டியவர்களுக்கு, குறிப்பாகத் தாண்டியவர் தலித்தாக இருந்தால், அது அதோடு நின்றதில்லை.

நாட்டுச் சட்டம் இந்தச் சுவர்களில் ஒன்றையும் ஏற்கவில்லை. ஒரே கோத்திரத்தாரிடையே நிகழ்ந்த மணம் செல்லும் என 1946ஆம் ஆண்டின் சட்டம் வகுத்துவிட்டதால், கூட்டவிலக்குக்குச் சட்ட வலிமை ஏதும் இல்லாமற் போயிற்று. 1955ஆம் ஆண்டின் இந்துத் திருமணச் சட்டமோ, வட இந்திய வழக்கை அளவுகோலாகக் கொண்டு, உடன்பிறந்தார் இருவரின் மக்களிடையே நிகழும் மணம் எதுவாயினும் தடுக்கப்பட்ட படிக்குள் வருவதாகக் கூறிவிட்டு, வழக்காறு அனுமதித்தால் செல்லும் என்று விலக்களித்தது. தமிழர் உரிமையாகக் கொண்ட மாமன் மகள் திருமணம் சட்டத்தின் பார்வையில் விதிவிலக்காகவே நிற்கிறது. பதிவு மணத்துக்கான 1954ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டத்தில் அந்த விலக்கும் இல்லாதிருந்து, 1963இல்தான் திருத்தத்தால் சேர்க்கப்பட்டது. தமிழ்நாட்டில் சுயமரியாதைத் திருமணங்களை 1967ஆம் ஆண்டுத் திருத்தம் செல்லுபடியாக்கியபோது, கொங்குத் திருமணங்களை நடத்திவைக்கும் அருமைக்காரரும் மங்கல வாழ்த்துச் சொல்லும் நாவிதரும் இன்றியே இருவர் இணையலாம் என்பது சட்டமாயிற்று.

சட்டம் திறந்துவிட்ட வழியில் மனிதர்கள் நடப்பதற்கான சூழலை உருவாக்கியது பின்னலாடைத் தொழில். 1920களில் தொடங்கி, 1970களின் பிற்பகுதியில் ஏற்றுமதிக்குத் திரும்பி, அதன்பின் இருபது ஆண்டுகளில் திருப்பூரைச் சுற்றியுள்ள ஊர்களையெல்லாம் விழுங்கிய இத்தொழிலை ஆராய்ந்த ஷரத் சாரி, 2004இல் வெளியிட்ட நூலில், உழவும் கூலி வேலையும் செய்துவந்த கவுண்டர் இளைஞர்கள் கூட்டுத் தொழில் வழியாக முதலாளிகளான கதையைச் சொல்லி, அதற்கு ‘உடன்பிறந்தார் மூலதனம்’ என்னும் பொருளில் பெயரிட்டார். கம்பெனிப் பங்குகள் பங்காளிகளுக்கும் மாமன் மச்சான்களுக்கும் இடையே பிரிக்கப்பட்டபோது, உறவுமுறை நிலத்திலிருந்து தொழில் முதலுக்கு இடம்பெயர்ந்தது. பெண்ணை எந்த வீட்டில் கொடுப்பது என்பதும் எந்த வீட்டோடு கணக்கு வைப்பது என்பதும் ஒரே முடிவாயின. பரிசம் கொடுத்துப் பெண் கட்டிய பழைய வழக்கம் மறைந்து, நகையும் ரொக்கமுமாக வரதட்சணை வந்தமைந்ததும் இக்காலத்தில்தான். அதே வேளையில், செக்கிங் மேசைகளிலும் தையல் வரிசைகளிலும் பல சாதிகளைச் சேர்ந்த ஆண்களும் பெண்களும் ஷிப்டு முழுவதும் அருகருகே அமர்ந்து உழைக்கத் தொடங்கினர். ஊரில் ஒருவரையொருவர் நிமிர்ந்து பார்க்கவும் வழியில்லாதவர்கள் ஒரே டீக்கடையில் நின்று தேநீர் குடித்தனர். இதைக் கண்ட அச்சத்தின் ஒரு வெளிப்பாடாகவே, கொங்கு மாவட்டங்களின் நூற்பாலைகளில் இளம்பெண்களை விடுதியில் அடைத்து வைத்து, மூன்றாண்டு முடிவில் கல்யாணச் செலவுக்கெனத் தொகை தருவதாகச் சொல்லி வேலை வாங்கிய ‘சுமங்கலித் திட்டம்’ என்னும் ஏற்பாட்டையும் காண வேண்டும்; அதில் கூலியும் காவலும் ஒன்றாகவே விற்கப்பட்டன.

அச்சம் கொலையாக மாறியதைத் திருப்பூர் மாவட்டமே கண்டது. 2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டைப் பேருந்து நிலையத்துக்கு அருகே பட்டப்பகலில், குமரலிங்கத்தைச் சேர்ந்த தலித் பொறியியல் மாணவரான சங்கர் வெட்டிக் கொல்லப்பட்டார். முந்தைய ஆண்டு அவரை மணந்திருந்த, பழநியைச் சேர்ந்த முக்குலத்துப் பெண்ணான கௌசல்யா படுகாயத்துடன் உயிர் பிழைத்தார். தன் பெற்றோருக்கு எதிராகவே அவர் சாட்சியம் அளித்த அவ்வழக்கில், 2017 டிசம்பர் 12 அன்று திருப்பூர் நீதிமன்றம் பெண்ணின் தந்தை உட்பட ஆறு பேருக்கு மரண தண்டனை விதித்தது. 2020 ஜூன் மாதம் சென்னை உயர் நீதிமன்றம் தந்தையை விடுவித்து, மற்ற ஐவரின் தண்டனையை ஆயுளாகக் குறைத்தது. ஒரு தங்கையின் அழுகைக்குக் கோயில் எழுப்பிய நிலம், விரும்பி மணந்தவனுக்காக அழுத பெண்ணுக்குக் கொடுத்தது சாட்சிக் கூண்டு மட்டுமே. பிறந்த வீட்டுக் கோடி வர வேண்டிய சாவுக்கு அந்த வீட்டிலிருந்து ஆள் ஏவப்பட்டது என்னும் குற்றச்சாட்டே வந்ததைக் காட்டிலும் உறவுமுறையின் சரிவைக் கூறும் செய்தி வேறில்லை. 2018 மார்ச் மாதம் உச்ச நீதிமன்றம் இத்தகைய குற்றங்களைத் தடுக்க மாநிலங்களுக்கு விரிவான வழிகாட்டுதல்களைப் பிறப்பித்தது. தனிச் சட்டம் வேண்டும் என்னும் கோரிக்கை தமிழ்நாட்டில் அதற்கும் முன்பிருந்தே எழுந்து வருகிறது. சாதி கடந்து மணந்து உயிரிழந்த தருமபுரி இளைஞர் இளவரசனுக்குக் காணிக்கையாக்கப்பட்ட பெருமாள்முருகனின் ‘பூக்குழி’ நாவல், கொலைக்கு முந்தைய நாட்களில் ஒரு வீட்டுக்குள் பேச்சும் பார்வையும் எப்படி நஞ்சாகின்றன என்பதைக் கொங்கு வழக்கிலேயே பதிவு செய்துள்ளது.

இதற்கிடையே, சுவர்களுக்கு நடுவிலிருந்த முறைச் சந்தும் தூர்ந்து வருகிறது. ஒன்றோ இரண்டோ பிள்ளைகளோடு நிறுத்திக்கொண்ட கொங்குக் குடும்பங்களில் மாமன் மகளோ அத்தை மகனோ இல்லாமலே ஒரு தலைமுறை வளர்ந்துவிட்டது. பெண்சிசுக்களை அழித்த பழைய பாவத்தின் விளைவும் சேர்ந்து, திருமண வயதுக் கவுண்டர் இளைஞர்களுக்குப் பெண் கிடைக்காமல், தரகர் வழியாகக் கேரளத்திலிருந்து பெண் கொண்டுவரும் வழக்கம் பரவியது. கூட்டமும் சாதியும் தெரியாத அந்தப் பெண்ணை வரவேற்க அதே இணைச்சீரும் அதே மங்கல வாழ்த்தும் நடத்தப்படுகின்றன; மணமகன் பக்கத்தில் தேவை வந்தபோது சாதிச்சுவர் தளர்ந்து கொடுத்ததும், மகள் விரும்பியபோது அதே சுவர் அசையாது நின்றதும் அந்தச் சுவர் யாருக்காக எழுப்பப்பட்டது என்பதைக் காட்டிவிடுகின்றன. எனினும் உறவுக்குள் மணம் முற்றிலும் மறைந்துவிடவில்லை: 2019–21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி தமிழ்நாட்டுத் திருமணங்களில் நான்கில் ஒரு பங்குக்கு மேல் இன்றும் சொந்தத்துக்குள்ளேயே நடக்கின்றன, இது நாட்டின் சராசரியைவிட மிக அதிகம்.

வீரபாண்டியின் லைன் வீடுகளில் இன்று குடியிருப்போரில் பீகார், ஒடிசா, உத்தரப் பிரதேசத் தொழிலாளர் குடும்பங்கள் ஏராளம். அவர்களுள் இந்துக் குடும்பங்களில் பலவற்றுக்கு மாமன் மகளும் தங்கையே, அவளை மணப்பது பாவம். பீகார் முஸ்லிம் குடும்பங்களுக்கோ சித்தப்பா மகளை மணப்பதிலும் தடையில்லை. அடுத்த வாசலில் இருக்கும் தமிழ்க் குடும்பத்துக்கு முதலாவது உரிமை, இரண்டாவது தீட்டு. மூன்று விலக்குகள் ஒரே குழாயில் தண்ணீர் பிடிக்கும் இத்தெருக்களில் வளரும் பிள்ளைகள் ஒரே பள்ளியில் படித்து, பதினெட்டு வயதில் ஒரே கம்பெனியில் வேலைக்குச் சேர்கின்றனர். அவர்களிடையே எழும் விருப்பங்களுக்குப் பெயர் சொல்லும் உறவுச்சொல் எந்த வீட்டிலும் இல்லை, அவற்றைத் தடுக்க முனைவோரின் கையில் மட்டும் பழைய சொற்கள் எல்லாம் இருக்கின்றன.